பூஜை போட்ட வண்டியில் இருந்தது

கண்ணு,

இத்தனை நீளமாக, அதுவும் தமிழில் எழுதுவதற்கு முதலில் என்னை மன்னித்துவிடு. நீ எழுத்துக் கூட்டித்தான் படிப்பாய் என்று தெரியும். ஞாயிற்றுக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கு உன்னைக் காரில் ஏற்றுவதற்குள் நீ செய்த ரகளையும் மறக்கவில்லை. போனில் சொல்லியிருக்கலாம். ஆனால் போனில் நான் பேசும் லட்சணம் உனக்கே தெரியும். "சாப்பிட்டியா சாமி? அங்க வெயிலா? செரி, அப்பாகிட்டக் குடுக்கறேன்." அதற்கு மேல் எனக்கு வராது. போன வாரம் நீ ஒன்று கேட்டாய். பதில் சொல்லத் தெரியாமல் அன்றும் அப்படித்தான் அப்பாவிடம் போனைக் கொடுத்தேன். அந்தப் பதிலைத்தான் இப்போது எழுதுகிறேன்.

எங்கள் வீட்டில் முதன்முதலில் கல்லூரிக்குப் போனவள் நான். படித்த காலம் முழுவதும் வாயைத் திறந்து ஒரு கேள்வி கேட்டதில்லை. கேட்டால் எல்லோரும் திரும்பிப் பார்ப்பார்களே என்று பயம். அதற்குப் பதிலாக எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டே இருப்பேன். அந்தப் பழக்கம்தான் இங்கே பிளெய்ன்ஸ்பரோவில் எனக்குச் சோறு போடுகிறது. மருந்துக் கம்பெனியில் என் வேலை உனக்குத் தெரியும். மாத்திரை செய்யும் முறையை எழுதியிருக்கும் ஆவணங்களை வரி வரியாகப் படித்து, 'செய்யலாம்' என்றிருக்கிறதா 'செய்ய வேண்டும்' என்றிருக்கிறதா என்று பார்ப்பது. கொஞ்ச நாளாக மதிய இடைவேளையில் பார்க்கிங்கில் காருக்குள் உட்கார்ந்து, டிபன் பாக்ஸை மடியில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு மாநிலத்திலும் காரில் துப்பாக்கியை எப்படி வைக்கலாம், எப்படி வைக்கக் கூடாது என்று போனில் படித்துக்கொண்டிருக்கிறேன். யாராவது பக்கத்தில் கார் நிறுத்தினால் போனைக் கவிழ்த்துவிடுவேன். குற்றம் செய்கிறவள்போல் ஆகிவிட்டேன்.

அந்தச் சனிக்கிழமைக்குப் பிறகுதான் இதெல்லாம். நீ புதுக் காரை பிளானோவிலிருந்து இவ்வளவு தூரம் ஓட்டி வந்திருந்தாய். டெக்சஸிலேயே கோயில் இருக்கிறது என்று நீ சொன்னதை நான் கேட்கவில்லை. நமக்குத் தெரிந்த குருக்கள் கையால் பூஜை போட்டால்தான் எனக்கு மனசு ஆறும். கோயில் பார்க்கிங்கில் நமக்கு முன்னால் வரிசையாகக் கார்கள் நின்றன. பூ, குங்குமம், எலுமிச்சம்பழம் எல்லாம் என் பையில். அப்பாவுக்குக் கால் தரையில் பாவவில்லை. "என்றா இது, ஏரோப்ளேன் மாதிரி இருக்குது! திரும்பறப்ப நான்தான் ஓட்டுவேன், ஆமா" என்று உன் கையிலிருந்து சாவியைப் பிடுங்கிக்கொண்டார். குருக்கள் வந்து, "நாலு கதவையும் தெறந்து வைங்கோ. டிக்கியும் தெறக்கட்டும். எலுமிச்சம்பழத்து மேல ஏத்தறச்சே மெதுவா முன்னால எடுங்கோ சார். போன வாரம் ஒருத்தர் ரிவர்ஸ் போட்டுட்டார், என் கால் தப்பிச்சது பகவான் புண்ணியம்" என்றார். நீ சிரித்தாய். தேங்காய் உடைத்து, தீபாராதனை காட்டி, பிரசாதப் பொட்டலத்தை என் கையில் கொடுத்து, "முன்னாடி டப்பாக்குள்ள வச்சுடுங்கோ, வண்டியிலயே இருக்கட்டும்" என்றார்.

நான் கிளவ் பாக்ஸைத் திறந்தேன். இன்ஷூரன்ஸ் உறைக்கும் டயர் கடை ரசீதுக்கும் பின்னால், கறுப்பு உறைக்குள் அது இருந்தது. பிடி மட்டும் வெளியே தெரிந்தது. அதுவரை அதை நான் போலீஸ்காரர்களின் இடுப்பில் மட்டுமே பார்த்திருக்கிறேன். மூடிவிட்டேன். "என்னம்மா, வைக்கலையா?" என்றார் குருக்கள். "மடியிலயே வெச்சுக்கறனுங்க" என்றேன். அவர் அடுத்த காருக்குப் போய்விட்டார். நீ பின் கதவருகில் யாருக்கோ மெசேஜ் அனுப்பிக்கொண்டிருந்தாய்.

அப்பா ஓட்டினார். நான் முன்சீட்டில். என் முழங்காலுக்கும் அதற்கும் நடுவில் ஒரு பிளாஸ்டிக் மூடிதான். வீட்டுக்குத் திரும்பும் தெருவில் அந்த ஸ்டாப் சைனில் அப்பா வழக்கம்போல் நிறுத்தியும் நிறுத்தாமலும் உருட்டிக்கொண்டு போனார். பின்னாலேயே சிவப்பும் நீலமுமாக விளக்கு. போலீஸ்காரர் என் பக்கத்து ஜன்னலுக்கு வந்தார். லைசென்ஸ், ரெஜிஸ்ட்ரேஷன், இன்ஷூரன்ஸ் என்று கேட்டார். அப்பா பர்ஸிலிருந்து லைசென்ஸை எடுத்துக்கொண்டே, "கிளவ் பாக்ஸ்ல இருக்கும், எடு" என்றார். நான் அசையவில்லை. "அட எடு புள்ள, என்ன பாத்துட்டே உக்காந்திருக்கற?" என்று அவரே குனிந்து கையை நீட்டினார். அந்தக் கை மூடி வரைக்கும் வந்துவிட்டது, கண்ணு. அப்போதுதான் பின்சீட்டிலிருந்து உன் குரல் வந்தது. "அப்பா, டோன்ட்! ஆபீசர், இது என் கார். இன்ஷூரன்ஸ் என் போன்ல இருக்கு. டெக்சஸ் ரெஜிஸ்ட்ரேஷன் ஸ்டிக்கர் கண்ணாடியிலேயே இருக்கு, பாருங்க." உன் கை மெதுவாக, அவருக்குத் தெரியும்படி, முன்னால் வந்தது. நீ குழந்தையாக இருந்தபோது ஊசி போடும் அறை வாசலில் எப்படி நின்றாயோ, கண்ணாடியில் தெரிந்த முகம் அப்படி இருந்தது. நான் பார்த்துவிட்டேன் என்பது உனக்கும் அந்த நொடியில் தெரிந்துவிட்டது.

போலீஸ்காரர் என்னைக் குனிந்து பார்த்து, "ஆர் யூ ஓகே, மேம்?" என்றார். எனக்குத் தெரிந்த ஆங்கிலமெல்லாம் போய்விட்டது. பொட்டலத்தைத் தூக்கிக் காட்டி, "டெம்பிள்" என்றேன். அவர் சிரித்தார். பானெட்டில் வைத்திருந்த குங்குமத்தைப் பார்த்தார். இனிமேல் ஸ்டாப் என்றால் முழுதாக நிறுத்துங்கள் என்று அப்பாவிடம் சொல்லி அனுப்பிவிட்டார். அப்பாவுக்கு ஒரே குஷி. "பாத்தியா? இப்பத்தான் பூஜை போட்டோம், உடனே பலன்! டிக்கெட்டே குடுக்கல!" வீடு வரும் வரை அதையே சொல்லிக்கொண்டு வந்தார்.

அவர் உள்ளே போனபின் காருக்குள்ளேயே நாம் பேசியதை நீ எப்படி நினைவில் வைத்திருக்கிறாய் என்று தெரியாது. எனக்கு ஒரு சொல் விடாமல் இருக்கிறது.

"எப்ப இருந்துடா?"

"அம்மா, இட்ஸ் லீகல்."

"எங்க?"

"டெக்சஸ்ல. இருபத்தொண்ணு ஆச்சுன்னா லைசென்ஸே வேண்டாம். கார்ல வெளிய தெரியாம வெச்சா போதும்."

"இது டெக்சஸா?"

நீ தலையைக் குனிந்துகொண்டாய். "ஐ ஃபர்காட் இட் வாஸ் தேர், மா."

துப்பாக்கியைவிட அந்த வார்த்தைதான் என்னைக் கலக்கியது. குடையை மறப்பார்கள், கூலிங் கிளாஸை மறப்பார்கள். எத்தனை மாநிலங்களைத் தாண்டி வந்தாய், ஓரிடத்திலும் அது நினைவுக்கு வரவில்லை என்றால், அது உன்னோடு எவ்வளவு பழகிப்போயிருக்க வேண்டும்! இந்த மாநிலத்தில் பர்மிட் இல்லாமல் காரில் கைத்துப்பாக்கி இருந்தால் வருடக்கணக்கில் சிறை. காருக்குள் உட்கார்ந்திருக்கும் அத்தனை பேர் கையிலும் அது இருந்ததாகத்தான் முதலில் எடுத்துக்கொள்வார்கள். ஓட்டிக்கொண்டு வந்த உன் அப்பா உள்பட. ஒன்றும் தெரியாமல், பூஜையின் பலன் என்று சிரித்துக்கொண்டு வந்த மனுஷர்.

எதற்காக வாங்கினாய் என்று கேட்டதும் சொல்லிவிட்டாய். டோல்வேயில் ஒருத்தன் முந்தப் பார்த்தது, நீ ஹாரன் அடித்தது, அவன் உன் பின்னாலேயே வந்தது, எக்ஸிட் எடுத்தும் விடாமல் சிக்னலில் பக்கத்தில் வந்து நின்று ஜன்னலை இறக்கித் துப்பாக்கியைக் காட்டியது. "சிரிச்சுக்கிட்டே காட்டினான் மா. லைக், ஹி வாஸ் ஜஸ்ட் சேயிங் ஹாய்." அதற்குப் பிறகு ஒரு வாரம் நீ ஆபீசுக்குப் போகவில்லை. ஜுரம் என்று எங்களிடம் சொன்னாய். மிளகு ரசம் வைக்கச் சொல்லி நான் போனில் பாடம் நடத்தினேன். நீயும் "ஓகே மா, ஓகே மா" என்று கேட்டுக்கொண்டாய். உன்னைத் திட்ட எனக்கு வாய் வரவில்லை. அந்தச் சிக்னலில் நான் இருந்திருந்தால் நானும் ஏதாவது ஒன்றைக் கையில் பிடித்துக்கொள்ளத்தான் தேடியிருப்பேன்.

மறுநாள் விடிந்ததும் தோட்டாக்களைத் தனியாக எடுத்து, அதைப் பூட்டுப் பெட்டியில் போட்டு டிரங்க்கில் வைத்துக்கொண்டு கிளம்பிவிட்டாய். "வந்த காலோட ஓடறான், ஒரு வாரம் இருக்கறேன்னானே" என்று அப்பா அங்கலாய்த்தார். நான் புளிசாதம் கட்டிக் கொடுத்துவிட்டு, போன் வரைபடத்தில் உன் புள்ளி மாநில எல்லையான டெலவேர் ஆற்றுப் பாலத்தைத் தாண்டும் வரை நின்ற இடத்திலேயே நின்றேன். பென்சில்வேனியாவில் மட்டும் என்ன வாழ்கிறது என்று அப்போது தோன்றவில்லை. அப்புறம்தான் படிக்க ஆரம்பித்தேன்.

எல்லாம் ஒரே நாடு என்று நினைத்துத்தான் நாங்கள் வந்தோம். ஒரு கோட்டுக்கு இந்தப் பக்கம் சாதாரணமாக இருப்பது அந்தப் பக்கம் போனால் குற்றம். வழியில் கடந்து போகிறவனுக்கு மத்தியச் சட்டத்தில் ஒரு சலுகை இருக்கிறது. குண்டை எடுத்துவிட வேண்டும், பூட்ட வேண்டும், கைக்கு எட்டாத இடத்தில் வைக்க வேண்டும். அதுவும் புறப்படும் இடத்திலும் போய்ச் சேரும் இடத்திலும் வைத்திருக்க உனக்கு உரிமை இருந்தால்தான். கல்யாணம் முடிந்து நீ கலிஃபோர்னியாவுக்குக் குடிபோகும் வழியில், நியூ மெக்ஸிகோவும் அரிசோனாவும் டெக்சஸ் மாதிரிதான், பெரிதாகக் கேட்க மாட்டார்கள். கலிஃபோர்னியா எல்லை தொட்டதும் எல்லாம் மாறுகிறது. அங்கே கிளவ் பாக்ஸைப் பூட்டினாலும் அது பூட்டிய பெட்டி ஆகாதாம். பத்துத் தோட்டாவுக்கு மேல் பிடிக்கும் மேகசின் கூடாதாம். குடியேறுகிறவன் அரசாங்கத்திடம் தெரிவிக்க வேண்டுமாம். உனக்கு இதெல்லாம் என்னைவிட நன்றாகத் தெரிந்திருக்கும். ஆனால் உனக்குத் தெரிந்திருந்தும் மறந்துபோன ஒரு நாளை நான் பார்த்திருக்கிறேன்.

உனக்கும் நித்யாவுக்கும் கல்யாணப் பேச்சு வந்தபோது அவள் அம்மா ஈரோட்டிலிருந்து வீடியோ காலில் விசாரித்தது உனக்குத் தெரியாது. "பையனுக்குப் பழக்கவழக்கம் எதுவும் இல்லீங்களே?" என்றார். நம் ஊர்ப் பக்கம் அதற்கு என்ன அர்த்தமென்று இரண்டு பேருக்கும் தெரியும். குடி, சிகரெட். "அதெல்லாம் இல்லீங்க. கறி மட்டும் சாப்பிடுவானுங்க" என்றேன். "அதென்னங்க பழக்கம்? எங்க புள்ளைக்கு ஞாயித்துக்கெழம கோழி இல்லீன்னா பேசவே மாட்டா" என்று சிரித்தார். ஜாதகம் பார்த்தோம், விசா பார்த்தோம், சம்பளம் பார்த்தோம். காரில் என்ன இருக்கிறது என்று அவர்கள் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. பொய் சொல்லவில்லை என்று என்னைத் தேற்றிக்கொண்டேன்.

இரண்டு வாரம் முன்னால் நித்யா கூப்பிட்டாள். அந்தப் பெண்ணின் குரலைக் கேட்டாலே எனக்குப் பேச்சு கொஞ்சம் வந்துவிடுகிறது. "அத்தை, ஊர்ல கல்யாணம் முடிஞ்சு நாங்க டல்லாஸ் ஃப்ளை பண்ணி, அங்க இருந்து அவரு கார்லயே குபெர்டினோ போறோம். ஃபுல் ரோட் ட்ரிப்! கிராண்ட் கேன்யன் பாத்துட்டுப் போறோம். பாதி தூரம் நான்தான் ஓட்டுவேன்னு சண்டை போட்டு வாங்கிட்டேன்." "நீ ஓட்டறியா கண்ணு?" என்றேன். "ஏன் அத்தை, பயமா? உங்க பையன விட நான் நல்லா ஓட்டுவேன்!" நான் சிரித்தேன். போனை வைத்துவிட்டுச் சமையலறையில் உட்கார்ந்துவிட்டேன்.

அடுத்த நாள் என் ஆபீஸ் தோழியின் தங்கைக்குப் போன் செய்தேன். அவள் வக்கீல். என் ஃபிரெண்டோட பையன் ஒருத்தன் என்று ஆரம்பித்தேன். எல்லோரும் அப்படித்தான் ஆரம்பிப்பார்கள் போல, அவள் குரலிலேயே சிரிப்பு தெரிந்தது. "உங்க ஃபிரெண்ட் பையன் சிட்டிசனா, க்ரீன் கார்டா ஆன்ட்டி?" க்ரீன் கார்டு என்றேன். "அப்போ துப்பாக்கி கேஸ்ல கன்விக்ட் ஆனா ஜெயிலோட முடியாது. டிப்போர்ட்டேஷன் வரைக்கும் போகும்." அவன் கட்டிக்கப் போகிற பெண் ஹெச்-ஒன் வேலை விசாவில் இருக்கிறாள் என்றேன். சிரிப்பு நின்றது. "விசால இருக்கறவங்க துப்பாக்கி வெச்சிருக்கவே கூடாது ஆன்ட்டி, ஃபெடரல் லா. ஹன்ட்டிங் லைசென்ஸ் மாதிரி சில விதிவிலக்குதான் இருக்கு. அவங்க பேர்ல வாங்கலைன்னாலும், அங்க இருக்குன்னு தெரிஞ்சு, எடுக்கற மாதிரி இருந்தா, அவங்க வெச்சிருந்ததா கேஸ் போடலாம்."

அதை நான் போன வாரம் உனக்கு மெசேஜில் எழுதி அனுப்பினேன். அன்று சாயங்காலமே கூப்பிட்டாய். "தெரிஞ்சாத்தானே மா ப்ராப்ளம்? அவளுக்குத் தெரியவே வேண்டாம். ட்ரங்க்ல லாக் பண்ணிடறேன், சாவி எங்கிட்ட. நாட் நோயிங் இஸ் சேஃபர் ஃபார் ஹர். கரெக்ட்தானே?" சட்டத்தை வரி வரியாகப் படித்தவள் நான், எனக்குப் பதில் தெரியவில்லை. அப்பாவிடம் கொடுத்துவிட்டேன்.

இப்போது சொல்கிறேன். தெரியாமல் இருப்பது எப்படிப்பட்ட பாதுகாப்பு என்பதை நான் அந்தக் காரில் உட்கார்ந்து பார்த்தேன். உன் அப்பாவுக்கு எதுவும் தெரியாது. அதனால்தான் அவர் கை அந்த மூடிக்கு அவ்வளவு சுலபமாகப் போயிற்று. தெரிந்திருந்தால் அந்தக் கை போயிருக்காது. எங்கோ அரிசோனாவில், வெட்டவெளிச் சாலையில், நித்யா ஓட்டிக்கொண்டிருப்பாள். நீ பக்கத்தில் தூங்கிக்கொண்டிருப்பாய். பின்னால் விளக்கு எரியும். அவள் நல்ல பெண்ணாக, உதவியாக இருக்கட்டும் என்று டிரங்க்கைத் திறந்து காட்டுகிறேன் என்பாள். பூட்டிய பெட்டி ஒன்று இருக்கும். இது என்ன மேம் என்றால், தெரியாது என்பாள். உண்மைதான். ஆனால் கணவன் காரில், கணவன் பெட்டியில் இருப்பது மனைவிக்குத் தெரியாது என்பதை அந்த மனிதர் ஏன் நம்ப வேண்டும்? அவர் நம்பினாலும், அந்த இடத்தில் உன்னைத் திரும்பிப் பார்க்கும் நித்யாவின் கண்ணை யார் சமாளிப்பது? கண்ணாடியில் என் கண்ணைப் பார்த்த மாதிரி அவள் கண்ணை நீ பார்க்க வேண்டியிருக்கும். நான் பெற்றவள், விழுங்கிக்கொண்டேன். அவள் விழுங்க வேண்டும் என்று நாம் எப்படி எதிர்பார்க்க முடியும்?

இன்னொன்றும் இருக்கிறது. அந்தச் சனிக்கிழமையிலிருந்து நான் அப்பாவிடம் ஒளித்து வைத்திருக்கிறேன். அவர் அந்தப் போலீஸ்காரர் கதையை வருகிறவர்களிடமெல்லாம் சொல்கிறார். "பூஜை போட்ட வண்டி, டிக்கெட்டே இல்ல!" ஒவ்வொரு தடவையும் நான் காபி போடுகிற சாக்கில் உள்ளே எழுந்து போகிறேன். ஒரே வீட்டில் இருக்கிறோம், ஒரே கட்டிலில் படுக்கிறோம், எனக்கு இருக்கும் பயத்தில் அவருக்குப் பங்கில்லை. இத்தனை வருடம் இப்படித்தான் ஓட்டினோம். வேலை போய்விடும் என்று அவர் பயந்ததை எனக்குச் சொல்லவில்லை, விசா நீட்டிப்பு வராத மாதங்களில் நான் பயந்ததை அவருக்குச் சொல்லவில்லை, உன்னிடம் இரண்டு பேருமே சொல்லவில்லை. அதனால்தானோ என்னவோ, ஒருத்தன் உன் முகத்துக்கு நேரே துப்பாக்கியைக் காட்டிய அன்று, எங்களைக் கூப்பிட்டு அழாமல் ஜுரம் என்று சொன்னாய். எங்களைக் கூப்பிடாமல் கடைக்குப் போனாய்.

இந்தக் கடிதம் உன் கைக்கு வந்து சேர்ந்தது என்று தெரிந்ததும், அன்று சாயங்காலமே அப்பாவிடம் எல்லாவற்றையும் சொல்லப் போகிறேன். கத்துவார். உனக்குப் போன் வரும். எடுத்துப் பேசு.

நான் கடைசி வரை தள்ளிப்போட்ட ஒன்று பாக்கி இருக்கிறது. அதை விற்றுவிடு, வாங்கின கடையிலேயே திருப்பிக் கொடு என்று எழுதத்தான் உட்கார்ந்தேன். நீ பெரியவன், எனக்காகச் சரி என்பாய். சத்தமில்லாமல் விற்றுவிட்டு, எதுவுமே நடக்காத மாதிரி அவளோடு காரில் ஏறுவாய். அந்தச் சிக்னல் மட்டும் உனக்குள்ளேயே இருக்கும். இன்னொரு நாள் இன்னொரு கடைக்குப் போவாய். அதனால் அதைக் கேட்கவில்லை. வக்கீல் சொன்னபடி பார்த்தால், அவளிடம் சொன்னபின் அது அந்தக் காரில் இருக்க முடியாது என்று உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அதனால் இதை மட்டும் கேட்கிறேன். கல்யாணத்துக்கு முன்னால் நித்யாவைக் கூப்பிட்டு, டோல்வேயில் என்ன நடந்தது என்று சொல். அவன் சிரித்ததைச் சொல். கடைக்குப் போனதைச் சொல். எந்த மொழியில் வருகிறதோ அந்த மொழியில், பயந்துவிட்டேன் என்று அவளிடம் சொல், கண்ணு.

அம்மா